இயந்திரம் யாரைத் தள்ளுகிறது? வீட்டிலும் ஊரிலும் நாமே சோதித்துப் பார்க்கும் முறை

கோத்தகிரிக்கு அருகே ஒரு நியாயவிலைக் கடையில், சென்ற மார்கழியில் ஒரு நாள் காலை, எனக்கு முன்னால் வரிசையில் நின்ற அக்கா ஒருவர் தம் வலக்கைப் பெருவிரலைக் கருவியின் கண்ணாடி மீது ஏழு முறை வைத்தார். ஏழு முறையும் கருவி ஏற்கவில்லை. அவர் விரலை முந்தானையில் துடைத்தார், வாயால் ஊதிச் சூடாக்கினார், வேறு விரலை வைத்தார், அதுவும் ஏறவில்லை. விற்பனையாளர் கடுமையானவர் அல்லர். "உங்க கை சரியில்லைக்கா, நாளைக்கு வந்து பாருங்க" என்று தணிவாகத்தான் சொன்னார். அக்கா பதில் பேசாமல் தம் கையைத் திருப்பிப் பார்த்துக்கொண்டார்: தேயிலைக் கொழுந்தின் கறை ஏறிக் கறுத்த விரல் நுனிகள், பனிக்கு வெடித்த தோல், பெருவிரலின் உட்புறம் காய்ப்பு. அடுத்து நான் வைத்தேன். பதினோரு ஆண்டுகளாகக் கணினி மையத்தில் உட்கார்ந்து பிறருக்கு விண்ணப்பம் நிரப்பித் தரும் என் விரலைக் கருவி முதல் முறையிலேயே ஏற்றுக்கொண்டது.

அக்காவின் கை சரியாகத்தான் இருந்தது. இருபது ஆண்டுகளுக்கு மேல் கொழுந்து பறித்த கை எப்படி இருக்குமோ அப்படி இருந்தது. அப்படிப்பட்ட கையைப் படிக்க முடியாத கருவியை, அப்படிப்பட்ட கைகளே நிறைந்த மலைக்கு அனுப்பியிருந்தார்கள். அது தோற்றபோது பழி கருவியின் மேல் விழாமல் அவர் மேல் விழுந்தது, அவரும் அதை ஏற்றுக்கொண்டார் என்பதுதான் அன்றிலிருந்து என்னை உறுத்துகிறது.

நாம் அன்றாடம் தொடும் கருவிகளும் செயலிகளும் யாருக்கு இசைந்து போகின்றன, யாரைத் தள்ளுகின்றன என்பதை ஊர்க்காரர்களாகிய நாமே சோதித்து, எழுதி வைத்து, உரிய இடத்தில் கேட்பதற்கான வழிமுறையை இங்கே எழுதுகிறேன். இதற்குக் கணினி படித்திருக்கத் தேவையில்லை. ஒரு நோட்டும், மனம் ஒப்பி உதவ வரும் நான்கைந்து பேரும் போதும்.

சோதிக்கும் முன் தெரிந்துகொள்ள வேண்டியது

இயந்திரத்துக்கு வெறுப்பு கிடையாது என்பது உண்மை. ஆனால் அதைச் செய்தவர்கள் யாரோ ஒருவரை மனத்தில் வைத்துத்தான் செய்கிறார்கள். யாரோ சிலரிடம் மட்டுமே அதைச் சோதித்துப் பார்த்து, சரி என்று வெளியே விடுகிறார்கள். அந்தத் தேர்வில்தான் மனிதர்களின் பாகுபாடு உள்ளே புகுகிறது. வண்ணப் படச்சுருள் காலத்திலேயே இதைக் காணலாம். 1950களிலிருந்து கோடாக் நிறுவனம் படக்கூடங்களுக்கு அனுப்பிய அளவீட்டு அட்டையில் இருந்தது ஒரு வெள்ளைக்காரப் பெண்ணின் படம். முதலில் அதற்கு நின்ற பெண்ணின் பெயரால் அதை ஷர்லி அட்டை என்றார்கள். அவர் முகத்தின் நிறம் சரியாக வந்தால் அச்சு சரி என்பது கணக்கு. கறுத்த முகங்களோ அந்தச் சுருளில் கண்ணும் பல்லும் மட்டும் தெரியும் நிழலாக விழுந்தன. மரச்சாமான் செய்வோரும் சாக்லேட் செய்வோரும் தங்கள் சரக்கின் பழுப்பு நிறங்கள் விளம்பரப் படங்களில் பிரிந்து தெரியவில்லை என்று முறையிட்ட பிறகுதான் அந்த நிறுவனம் சுருளைச் சீர்செய்யத் தொடங்கியது. கறுப்பு மனிதர்களின் முகம் அதற்கு முன் போதிய காரணமாகத் தெரியவில்லை என்பதை நினைத்தால் இன்றும் மனம் வலிக்கிறது.

சுருள் போய்க் கணினி வந்த பிறகும் கதை மாறவில்லை. 2018இல் ஜாய் புவோலம்வினி, டிம்னிட் கெப்ரு என்னும் இரு ஆய்வாளர்கள், ருவாண்டா, செனகல், தென்னாப்பிரிக்கா, ஐஸ்லாந்து, பின்லாந்து, ஸ்வீடன் ஆகிய ஆறு நாடுகளின் நாடாளுமன்ற உறுப்பினர்கள் 1,270 பேரின் படங்களைத் திரட்டி, முகத்தைப் பார்த்து ஆணா பெண்ணா என்று சொல்லும் மூன்று நிறுவனங்களின் மென்பொருள்களிடம் கொடுத்துப் பார்த்தார்கள். வெளுத்த தோல் கொண்ட ஆண்களிடம் பிழை 0.8 விழுக்காட்டைத் தாண்டவில்லை; கறுத்த தோல் கொண்ட பெண்களிடம் அது 34.7 விழுக்காடு வரை போனது. மொத்தமாகச் சராசரி பார்த்திருந்தால் மென்பொருள் நன்றாக வேலை செய்வதாகவே தோன்றியிருக்கும். ஆட்களை வகை பிரித்து எண்ணியதால்தான் உண்மை வெளியே வந்தது. நாம் செய்யப் போகும் எல்லாச் சோதனைகளுக்கும் இந்த வகை பிரித்து எண்ணும் வேலையே அடிப்படை.

பாகுபாடு உள்ளே புக இன்னொரு வழியும் உண்டு. பழைய நடப்பைக் கணினிக்குப் பாடமாகக் கொடுத்தால், அது பழைய அநீதியையும் சேர்த்தே கற்றுக்கொள்ளும். அமேசான் நிறுவனம் வேலை விண்ணப்பங்களைத் தரம் பிரிக்க உருவாக்கிப் பார்த்த ஒரு மென்பொருள், பத்தாண்டுக் காலம் பெரும்பாலும் ஆண்களே அனுப்பிய விண்ணப்பங்களைப் படித்துவிட்டு, 'பெண்கள்' என்ற சொல் வந்த விண்ணப்பங்களுக்கு மதிப்பெண்ணைக் குறைத்தது என்று 2018இல் செய்தி வந்தது. நிறுவனம் அந்த முயற்சியையே கைவிட்டுவிட்டது.

நோட்டைத் திறப்பது

ஒரு பக்கத்தில் ஆறு கட்டங்கள் போடுங்கள்: நாள், கருவி அல்லது செயலி, சோதித்தவரைப் பற்றிய குறிப்பு, எத்தனை முறை முயன்றார், எத்தனை முறை ஏற்றது, தோற்றபோது அங்கே இருந்தவர் என்ன சொன்னார். ஆறாவது கட்டத்தை விட்டுவிடாதீர்கள். "கை சரியில்லை", "தெளிவாப் பேசுங்க", "உங்க பேர் தப்பா இருக்கு" போன்ற வாசகங்களைச் சொன்னபடியே எழுதுங்கள். கருவியின் குறை மனிதரின் குறையாக மாறுவது அந்தக் கட்டத்தில்தான் பதிவாகும்.

சோதித்தவரைப் பற்றிய குறிப்பில் சோதனைக்குத் தேவையானதை மட்டும் எழுத வேண்டும். வயது, தொழில், வீட்டில் பேசும் மொழி போதும். ஆதார் எண்ணையோ தொலைபேசி எண்ணையோ எழுதக் கூடாது. பெயருக்குப் பதில் ஒன்று, இரண்டு என்று எண் இட்டு, பெயர்ப் பட்டியலை வேறு தாளில் வீட்டில் வைத்திருங்கள். பிறர் பாகுபாட்டை அளக்கிறோம் என்று கிளம்பி, நாமே ஒருவரின் விவரத்தைச் சந்தையில் இட்டுவிடக் கூடாது. எதற்காகச் செய்கிறோம் என்பதை முதலிலேயே சொல்லி, சம்மதம் தராதவரை விட்டுவிடுங்கள்.

ஒரே ஒரு விதிதான் உண்டு: ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்ற வேண்டும். ஆள் மாறினால் இடமும் நேரமும் வெளிச்சமும் கருவியும் மாறக் கூடாது.

விரல் ரேகை

கொழுந்து பறிப்பவர், கேரட்டும் உருளைக்கிழங்கும் தோண்டுபவர், கட்டடத்தில் சிமென்ட் குழைப்பவர், வீட்டு வேலை செய்பவர், எழுபதைத் தாண்டிய முதியவர் ஆகியோரையும், அலுவலக வேலை செய்யும் இருவரையும் ஒரே கருவியில் ஒவ்வொருவரும் ஐந்து முறை முயலச் சொல்லி எண்ணுங்கள். ரேகை மேடுகள் உராய்வில் தேய்கின்றன. வயது ஏறத் தோல் தளர்கிறது. மலைக் குளிரில் தோல் வறண்டு போவதால் கண்ணாடியில் சரியாகப் படிவதில்லை. எனவே ஒரே ஆளை வெதுவெதுப்பான நீரில் கை கழுவித் துடைத்த பிறகும், சிறிது எண்ணெய் தடவித் துடைத்த பிறகும் மறுபடி வைத்துப் பார்க்கச் சொல்லுங்கள். பத்து விரல்களில் எது நன்றாக ஏறுகிறது என்று பார்த்து அதை நினைவில் வைத்துக்கொள்ளச் சொல்வதும், ஆதார் மையத்தில் ரேகையைப் புதுப்பித்துக்கொள்ளச் சொல்வதும் உடனடியாகப் பயன் தரும்.

ஆனால் கை கழுவி வருவதோடு விஷயம் முடிந்துவிடாது. கருவி ஏற்காவிட்டால் மாற்று வழி தர வேண்டிய கடமை அரசுக்கு இருக்கிறது. கருவிழிப் பதிவு, பதிவு செய்த கைப்பேசிக்கு வரும் ஓடிபி எண் ஆகியவை அத்தகைய வழிகள். ரேகை ஒத்துப் போகவில்லை என்பதற்காக நியாயவிலைப் பொருளை மறுக்கக் கூடாது என்று 2017 அக்டோபரிலேயே மத்திய அரசின் சுற்றறிக்கை வந்தது. 2018 செப்டம்பர் 26 அன்று ஆதார் வழக்கில் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பும், அடையாளச் சரிபார்ப்பு தோற்றதால் உரியவருக்கு உதவி நின்றுவிடக் கூடாது என்பதை அழுத்தமாகச் சொல்கிறது. கடையில் இதைச் சண்டையாகச் சொல்ல வேண்டியதில்லை. "கருவி எடுக்கலைங்க, வேற வழியில பதிவு பண்ணுங்க" என்று கேட்டால் போதும். "கை எடுக்கலை" என்று சொல்லும் வழக்கத்தை மட்டும் நாம் முதலில் விட வேண்டும்.

கேமராவும் முகமும்

நிறத்தில் வேறுபட்ட மூன்று பேரை ஒரே சுவர் முன் நிறுத்தி, காலை பத்து மணி வெளிச்சத்திலும், மூடுபனி இறங்கிய மாலையிலும், வீட்டுக்குள் ஒற்றை விளக்கின் கீழும் படம் எடுங்கள். முதலில் கைப்பேசியின் அமைப்புகள் இருந்தபடியே எடுங்கள். அடுத்து அமைப்புகளுக்குள் போய் 'பியூட்டி' என்று இருப்பதை முழுவதுமாக அணைத்துவிட்டு எடுங்கள். பிறகு படத்தில் தெரியும் கன்னத்தின் நிறத்தையும், பக்கத்தில் நிற்கும் அதே ஆளின் புறங்கை நிறத்தையும் ஒப்பிட்டுப் பாருங்கள். நாம் கேட்காமலேயே எத்தனை பேரின் முகத்தை அது வெளுப்பாக்கியிருக்கிறது என்று எண்ணுங்கள். முகத்தைச் சுற்றி வரும் சிறு கட்டம் யாருக்கு உடனே வருகிறது, யாருக்குத் தயங்கி வருகிறது, முகம் காட்டித் திறக்கும் பூட்டு யாருக்கு எந்த வெளிச்சத்தில் திறக்கவில்லை என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

என் மையத்துக்குப் பாஸ்போர்ட் அளவுப் படம் எடுக்க வரும் பிள்ளைகள், "அண்ணா, கொஞ்சம் கலர் ஏத்திக் கொடுங்க" என்று கேட்பது வழக்கம். இதில் நான் உறுதியாக இருக்கிறேன்: ஏற்றித் தருவதில்லை. நம் வீட்டுத் திருமணப் பேச்சுகளில் நிறத்துக்கு இருக்கும் விலையைக் கைப்பேசி உண்டாக்கவில்லை. ஆனால் பத்து வயதுப் பெண் குழந்தை முதன்முதலில் தன் முகத்தைப் பார்க்கும் திரையே அதை வெளுப்பாக்கிக் காட்டினால், அந்த விலைப்பட்டியலை அவளிடம் முதலில் படித்துக் காட்டியது அந்தத் திரைதான்.

விரலில் மாட்டும் ஆக்சிமீட்டர்

கொரோனா காலத்தில் வீடு வீடாக வந்த இந்தச் சிறு கருவி இப்போதும் பல வீடுகளில் இருப்பதால் இதைத் தனியாகச் சொல்கிறேன். இது சிவப்பு ஒளியையும் அகச்சிவப்பு ஒளியையும் விரலின் ஊடே செலுத்தி, இரத்தம் எவ்வளவு ஒளியை உறிஞ்சுகிறது என்று பார்த்து ஆக்சிஜன் அளவைக் கணிக்கிறது. தோலின் நிறமியும் ஒளியை உறிஞ்சும். 2020 டிசம்பரில் நியூ இங்கிலாந்து மருத்துவ இதழில் வந்த அமெரிக்க ஆய்வொன்று, கருவி 92 முதல் 96 வரை காட்டியபோதே இரத்தத்தில் உண்மையான அளவு 88க்குக் கீழே இருந்தவர்களைக் கணக்கெடுத்தது. கறுப்பின நோயாளிகளின் அளவீடுகளில் 11.7 விழுக்காடும், வெள்ளையின நோயாளிகளின் அளவீடுகளில் 3.6 விழுக்காடும் அப்படி இருந்தன. 2021 பிப்ரவரியில் அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகமும் தோல் நிறம், குளிர்ந்த விரல், நகப்பூச்சு ஆகியவை கருவியின் கணக்கைப் பிழையாக்கலாம் என்று எச்சரித்தது.

நம் ஊரில் கறுத்த தோலும் உண்டு, குளிர்ந்த விரலும் உண்டு. ஆகவே அளக்கும் முன் கையைத் தேய்த்தோ கணப்பருகே காட்டியோ சூடாக்குங்கள், நகப்பூச்சை அழித்துவிடுங்கள், உட்கார்ந்து ஒரு நிமிடம் பொறுத்து, எண் நிலைத்த பிறகு படியுங்கள். உடல்நிலை நன்றாக இருக்கும் நாளிலேயே வீட்டில் ஒவ்வொருவரின் வழக்கமான எண்ணையும் எழுதி வையுங்கள். கடல் மட்டத்திலிருந்து 2,240 மீட்டர் உயரத்தில் இருக்கும் உதகையில் அந்த எண் சமவெளியில் இருப்பதைவிடச் சற்றுக் குறைவாகவே இருக்கும் என்பதால், ஒரு தனி எண்ணைவிட வழக்கத்திலிருந்து எவ்வளவு இறங்கியது என்பதே பயன் தரும். மூச்சு வாங்குகிறது, உதடு நீலம் பாய்கிறது, பேச முடியவில்லை என்றால், கருவி என்ன காட்டினாலும் மருத்துவமனைக்குப் போக வேண்டும். "எண் நன்றாகத்தானே இருக்கிறது" என்று யாரேனும் திருப்பி அனுப்பினால், இந்தப் பிழையைச் சொல்லி, மறுபடி பார்க்கச் சொல்லிக் கேளுங்கள்.

மொழி: அவர், அவன், அவள்

எனக்கு மிக நெருக்கமான பகுதி இதுதான், ஏனென்றால் இதில் நானே தவறியிருக்கிறேன். தோட்டத்தில் துப்புரவு வேலை பார்த்து ஓய்வு பெற்ற அம்மா ஒருவர், தமக்காகத் தம் மகன் ஆங்கிலத்தில் எழுதியிருந்த ஓய்வூதிய மனுவைத் தமிழாக்கி அச்சிட்டுத் தரும்படி கேட்டார். மொழிபெயர்ப்புச் செயலி தந்ததை, வரிசையில் ஆட்கள் நின்ற அவசரத்தில், படித்துப் பார்க்காமல் அச்செடுத்தேன். அதில் மேற்பார்வையாளர் 'சொன்னார்', அம்மா 'கேட்டாள்'. அம்மா எழுத்துக்கூட்டிப் படித்துக்கொண்டே வந்து, அந்த 'ள்' மீது விரலை வைத்து நிறுத்தினார். ஒன்றும் சொல்லவில்லை. நான் மன்னிப்புக் கேட்டு, திருத்தி, மறுபடி அச்செடுத்தேன். ஆங்கில மூலத்தில் மரியாதை விகுதி, மரியாதையற்ற விகுதி என்ற வேறுபாடே கிடையாது. இருவரையும் ஒரே மாதிரிதான் மகன் எழுதியிருந்தார். யாருக்கு 'ஆர்', யாருக்கு 'ஆள்' என்று பிரித்தது செயலி; அதற்கு அப்படிப் பிரிக்கக் கற்றுக்கொடுத்தது நாம் எல்லோரும் இத்தனை காலம் எழுதிக் குவித்த தமிழ்.

இதைச் சோதிப்பது எளிது. ஒரே ஆங்கில வாக்கியத்தை, தொழிலை மட்டும் மாற்றி மாற்றி எழுதிச் செயலியிடம் கொடுங்கள். நீதிபதி வந்து விடுப்புக் கேட்டார் என்பது ஒன்று. பிறகு நீதிபதியின் இடத்தில் ஆசிரியர், ஓட்டுநர், காவலாளி, வீட்டு வேலை செய்பவர், துப்புரவுப் பணியாளர், கொழுந்து பறிப்பவர், பழங்குடிப் பெண் என்று ஒவ்வொருவராக வரட்டும். வினைமுற்றின் கடைசி எழுத்தை மட்டும் நோட்டில் குறியுங்கள். ர் எத்தனை, ன் எத்தனை, ள் எத்தனை, எந்தத் தொழிலுக்கு எது என்பதைப் பார்த்தாலே அந்தச் செயலியின் மனத்தில் யார் எங்கே உட்கார்ந்திருக்கிறார்கள் என்பது தெரிந்துவிடும். செயலிகள் அடிக்கடி மாறுவதால் ஆறு மாதத்துக்கு ஒருமுறை இதைத் திரும்பச் செய்து பாருங்கள்.

எதிர்த் திசையிலும் சோதியுங்கள். நம் 'அவர்' ஆணுக்கும் பெண்ணுக்கும் பொது. "அவர் மருத்துவர்", "அவர் செவிலியர்", "அவர் தோட்ட மேலாளர்", "அவர் சமைக்கிறார்" என்று தனித்தனியாகக் கொடுத்து, ஆங்கிலத்தில் எது ஆணாக, எது பெண்ணாக மாறி வருகிறது என்று பாருங்கள். துருக்கி மொழியிலும் ஆண், பெண் இருபாலுக்கும் ஒரே சுட்டுப்பெயர்தான்; மருத்துவர் ஆணாகவும் செவிலியர் பெண்ணாகவும் மொழிபெயர்வதை 2017இல் சயன்ஸ் இதழில் வந்த ஆய்வொன்று சுட்டிக்காட்டியது. அடுத்த ஆண்டே கூகுள், துருக்கி போன்ற சில மொழிகளில் இரு பால் மொழிபெயர்ப்புகளையும் சேர்த்துக் காட்டத் தொடங்கியது. கேட்டால் மாறும் என்பதற்கு இது சாட்சி. செயலியின் அடியில் இருக்கும் கருத்து அனுப்பும் பொத்தானை அழுத்தி, திருத்திய வடிவத்தை எழுதி அனுப்புங்கள். அலுவலகத்துக்குப் போகும் எந்த மனுவையும் விகுதிகளை ஒருமுறை படித்துத் திருத்தாமல் அச்செடுக்காதீர்கள்.

பேச்சு

குரலைக் கேட்டு எழுதும் செயலிக்கு எந்தத் தமிழ் தெரியும் என்பது மலையில் பெரிய கேள்வி. படுகர்களின் மொழியான படுகு பேசும் வீட்டுப் பிள்ளையின் தமிழ், 1964 இந்திய-இலங்கை ஒப்பந்தத்துக்குப் பிறகு இலங்கையின் மலையகத்திலிருந்து வந்து அரசுத் தேயிலைத் தோட்டத்தில் குடியேறியவர்களின் தமிழ், கூடலூர், பந்தலூர்ப் பக்கம் மலையாளம் தொட்ட தமிழ், இருளர், குறும்பர், பணியர் பேசும் தமிழ் ஆகிய எல்லாமே தமிழ்தான். பத்து வாக்கியங்களை எழுதி, ஒவ்வொருவரையும் தம் வழக்கப்படி ஒரே கைப்பேசியில் பேசச் சொல்லுங்கள். மொத்தச் சொற்களில் எத்தனை தவறாக விழுந்தன என்று எண்ணி வகுத்தால் பிழை விகிதம் கிடைக்கும். எடுத்துக்காட்டாக, அறுபது சொற்களில் ஆறு தவறானால் 10 விழுக்காடு. இருபத்தொன்று தவறானால் 35 விழுக்காடு. வாக்கியங்களில் கொழுந்து, லைன் வீடு (தோட்டத் தொழிலாளர் குடியிருப்பு), ஹட்டி (படுகர் ஊர்), பஸ், கூலி, கரடி, காட்டெருமை என்று நாம் உண்மையிலேயே பேசும் சொற்கள் இருக்க வேண்டும்.

2020இல் அமெரிக்காவில் ஐந்து பெரிய நிறுவனங்களின் குரலறி மென்பொருள்களைச் சோதித்தவர்கள், வெள்ளையர் பேச்சில் நூற்றுக்கு 19 சொற்களும் கறுப்பர் பேச்சில் 35 சொற்களும் பிழையாவதைக் கண்டார்கள். அங்கேயும் பேசியது ஒரே ஆங்கிலம்தான். குரல் வழியே வங்கிக் கணக்கும் மருத்துவ ஆலோசனையும் வந்துகொண்டிருக்கும் நாளில், "தெளிவாகப் பேசுங்கள்" என்ற பதிலைத் திரும்பத் திரும்பக் கேட்கும் பாட்டி, இரண்டாவது முறைக்குப் பின் பேசுவதையே நிறுத்திவிடுகிறார். அவர் எந்தச் சொல்லோடு நிறுத்தினார் என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

பெயர்க் கட்டம்

விண்ணப்பங்களில் 'கடைசிப் பெயர்' என்ற கட்டம் கட்டாயமாக இருக்கும். நம்மில் பெரும்பாலோருக்கு அது கிடையாது. தந்தை பெயரின் முதலெழுத்தும் தன் பெயரும்தான். பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டத்தைப் போடுவதில்லை என்று 1929இல் செங்கல்பட்டுச் சுயமரியாதை மாநாட்டில் தீர்மானமாகி, பிறகு சமூகமே பெருமளவு பழகிக்கொண்ட வழக்கம் இது. எங்கோ வடிவமைத்த கட்டமொன்று, காலியாக விட்டால் அடுத்த பக்கத்துக்குப் போக விடுவதில்லை. நிரப்பித் தருபவர், "சாதிப் பேர் ஏதாவது இருந்தா போட்டுடலாம்" என்று சொல்வதை நான் என் காதால் கேட்டிருக்கிறேன். நம் பாட்டன்மார் உதறியதை ஒரு வெற்றுக் கட்டம் திரும்பக் கேட்கிறது. இதை நோட்டில் தனிப் பக்கத்தில் எழுதுங்கள்.

செய்ய வேண்டியது என்னவென்றால், பான் விண்ணப்பத்தில் ஒற்றைப் பெயர் உள்ளவர் அதைக் கடைசிப் பெயர்க் கட்டத்தில் எழுதலாம். முதலெழுத்தை விரிக்க வேண்டி வந்தால் தந்தை அல்லது தாயின் பெயரை விரித்து, ஆதார், பான், வங்கி, கல்விச் சான்றிதழ் எல்லாவற்றிலும் ஒரே வரிசையில் ஒரே எழுத்தில் வைத்துக்கொள்ளுங்கள். வெளிநாடு போகிறவர்கள் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும்: 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், கடவுச்சீட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் உள்ளவர்களைச் சுற்றுலா விசாவில் அனுமதிப்பதில்லை என்று அறிவித்தது, பிறகு தந்தை பெயர் இரண்டாம் பக்கத்தில் இருந்தால் ஏற்பதாக விளக்கம் வந்தது.

வரைபடச் செயலியைப் பற்றி ஒரு சொல். உதகமண்டலம் என்ற பெயருக்குள்ளேயே தோடர்களின் குடியிருப்பான மந்து இருக்கிறது. உங்கள் ஹட்டி, மந்து, கோத்தர் ஊரான கோக்கால், லைன் ஆகியவற்றின் பெயரைத் தேடிப் பாருங்கள். அதே சாலையில் இருக்கும் விடுதிகளின் பெயரையும் எண்ணுங்கள். விடுபட்டதை ஓப்பன்ஸ்ட்ரீட்மேப் போன்ற பொது வரைபடத்தில் யார் வேண்டுமானாலும் சேர்க்கலாம். ஊர்ப் பெரியவர்களிடம் கேட்டு, அவர்கள் சொல்லும் பெயரிலேயே சேர்த்துவிடுங்கள்.

நோட்டை எங்கே கொண்டு போவது

இரண்டு மூன்று வாரம் எழுதியதும் கட்டங்களைக் கூட்டுங்கள். தொழில் வாரியாக, வயது வாரியாக, மொழி வாரியாகத் தனித்தனியே எத்தனை முயற்சிக்கு எத்தனை தோல்வி என்று எழுதுங்கள். சிலரிடம் மட்டுமே சோதித்திருக்கிறோம் என்பதை மறைக்காமல் முதல் வரியிலேயே சொல்லிவிடுங்கள். அது மனுவின் பலத்தைக் குறைக்காது. கேட்கும் முன், கருவி எதை அளக்கிறது என்பதையும் யோசியுங்கள். அமெரிக்க மருத்துவமனைகளில், கூடுதல் கவனிப்பு யாருக்குத் தேவை என்று சொல்லும் மென்பொருள் ஒன்று நோயின் கடுமையை அளக்காமல், இதுவரை எவ்வளவு செலவானது என்பதை அளந்தது. வசதியின்றிச் சிகிச்சைக்குச் செலவிட முடியாத கறுப்பின நோயாளிகள் அதனால் நலமானவர்களாகக் கணக்கிடப்பட்டார்கள். 2019இல் இதைக் கண்டுபிடித்தவர்கள், அளவுகோலைத் திருத்தினால் கூடுதல் உதவி பெறுவோரில் கறுப்பினத்தவரின் பங்கு 17.7 விழுக்காட்டிலிருந்து 46.5 ஆக உயரும் என்று காட்டினார்கள். விரல் ஏறுகிறதா என்று பார்க்கும் கருவி, உரியவர் வந்தாரா என்ற கேள்விக்குப் பதில் சொல்கிறதா என்று நாமும் கேட்கலாம்.

நியாயவிலைக் கடை தொடர்பான முறையீட்டை 1967 என்ற இலவச எண்ணிலும், முதலமைச்சரின் உதவி மையமான 1100இலும் பதியலாம். ஆதார் தொடர்பானதற்கு 1947. வட்ட வழங்கல் அலுவலரிடமோ திங்கட்கிழமை ஆட்சியர் அலுவலகத்தில் நடக்கும் மக்கள் குறைதீர்க்கும் நாளிலோ எழுத்தில் கொடுத்தால், நகலில் முத்திரை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். ஆண்டில் ஆறு முறை கூடும் கிராம சபையில், ஜனவரி 26 ஆனாலும் அக்டோபர் 2 ஆனாலும், இதைத் தீர்மானமாகக் கொண்டு வரலாம். மனுவின் வாசகம் இப்படி இருக்கட்டும்: "எங்கள் கடையில் உள்ள ரேகைக் கருவி, கொழுந்து பறிக்கும் இத்தனை பேர் செய்த இத்தனை முயற்சிகளில் இத்தனை முறை வேலை செய்யவில்லை, அலுவலகப் பணி செய்வோர் செய்த இத்தனை முயற்சிகளில் இத்தனை முறை வேலை செய்யவில்லை. ஆகவே கருவிழிக் கருவி தரவும், அதுவரை மாற்று வழியில் பொருள் வழங்கவும் கேட்டுக்கொள்கிறோம்." எழுவாய் கருவியாகவே இருக்க வேண்டும்.

பதில் வராவிட்டால் தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2005 இருக்கிறது. பத்து ரூபாய்க் கட்டணத்தில், கடந்த பன்னிரண்டு மாதங்களில் இந்தக் கடையில் மாதவாரியாக எத்தனை ரேகைச் சரிபார்ப்புகள் தோற்றன, எத்தனை குடும்ப அட்டைகளுக்கு மாற்று வழியில் பொருள் வழங்கப்பட்டது, கருவி வாங்கும் முன் எந்தத் தொழில் செய்வோரிடம் சோதிக்கப்பட்டது என்று மூன்றே கேள்விகள் கேளுங்கள். முப்பது நாள்களுக்குள் பதில் தர வேண்டும். தராவிட்டால் அடுத்த முப்பது நாள்களுக்குள் முதல் மேல்முறையீடு செய்யலாம்.

கருவி மாறினால் நோட்டை மூடிவிடாதீர்கள். விரலுக்குப் பதில் கருவிழி வரும், கருவிழிக்குப் பதில் முகம் வரும். ஒவ்வொன்றும் வேறு யாரையாவது தள்ளக்கூடும். புதிய கருவி வந்த முதல் வாரத்திலேயே, பழைய பட்டியலில் இருந்த அதே ஆட்களை, அதே வரிசையில், ஐந்து ஐந்து முறை சோதித்துப் பாருங்கள். என் நோட்டில் முதல் எண் அந்த அக்காவுடையது, இரண்டாம் எண் என்னுடையது. முகம் பார்க்கும் கருவி வரும் நாளில் மூடுபனி இறங்கிய மாலையில் இருவரும் ஒரே சுவர் முன் நிற்பதாகப் பேசி வைத்திருக்கிறோம்.